காணாமல் போகாத புத்தகங்கள்

லோதி ரோடு, புது தில்லி
11 ஜனவரி 1998

அன்புள்ள ரத்தினவேல் சார்,

நீங்கள் சொல்லாமல் கொள்ளாமல் தில்லியை விட்டுப் போய் ஐந்து மாதம் ஆகிறது. முதல் கடிதம் என்னிடமிருந்து போகக்கூடாது என்று வீம்பாகத்தான் இருந்தேன். உங்கள் வழியனுப்பு விழாவுக்கு வாங்கிய சமோசாவை நீங்கள் இல்லாமல் நாங்களே தின்று தீர்த்தோம். மாலையை என்ன செய்வதென்று தெரியாமல் கவுன்டரில் உட்காரும் நல்லசிவம் அதை உங்கள் நாற்காலிக்குப் போட்டுவிட்டார். பார்க்கவே விபரீதமாக இருந்தது. "ஐயோ, எடுங்க அதை, மனுஷன் உயிரோடதான் இருக்கார்" என்று கத்தினேன்.

பதினாறு வருஷம் எதிரெதிர் மேஜையில் உட்கார்ந்து ஒரே டப்பாவில் சாப்பிட்டிருக்கிறோம். நூலகர் பதவி உங்களைத் தாண்டி எனக்கு வந்தபோதுகூட நீங்கள் முகம் சுளிக்கவில்லை. கம்பிக்கதவைத் திறந்ததைத்தான் உங்களால் தாங்க முடியவில்லை. அதுவரை நம் கல்லூரியில் மாணவன் சீட்டு எழுதிக் கொடுப்பான், நம் ஆள் உள்ளே போய்ப் புத்தகத்தை எடுத்து வருவார். அடுக்குகள் எப்படி இருக்கும் என்பதே பையன்களுக்குத் தெரியாது. ஜூலையில் கதவைத் திறந்துவிட்ட அன்று நீங்கள் இங்கே இருந்திருக்க வேண்டும் சார். எம்.ஏ. படிக்கும் ஒரு பெண் முதல் வரிசைக்குள் போனாள். எந்தப் புத்தகத்தையும் எடுக்கவில்லை. ஒவ்வொன்றின் முதுகையும் விரலால் தொட்டுக்கொண்டே அந்தக் கோடி வரை நடந்தாள், திரும்பி வந்தாள், அடுத்த வரிசைக்குப் போனாள். "இத்னா சாரா?" என்று தனக்குள் சொல்லிக்கொண்டாள். இவ்வளவா என்று கேட்கிறாள்! எனக்குக் கண் கலங்கிவிட்டது.

இப்போது கஷ்டம் வந்திருக்கிறது. குளிர்கால விடுமுறையில் இருப்புச் சரிபார்த்தோம். அறுநூறு புத்தகங்களுக்கு மேல் இடத்தில் இல்லை. நூலகக் கமிட்டியில் பேராசிரியர் ராமமூர்த்தி மேஜையைத் தட்டி, "திருட்டு, பட்டப்பகல் திருட்டு" என்கிறார். வருஷத்துக்குப் பத்துப் புத்தகம்கூடத் தொலையவில்லை என்று நீங்கள் எழுதிய பழைய அறிக்கையை எடுத்து என் முகத்துக்கு நேரே ஆட்டினார். மார்ச் கடைசியில் கமிட்டி மறுபடி கூடுகிறது. அதற்குள் புத்தகங்கள் கிடைக்காவிட்டால் கம்பிக்கதவு மூடப்படும். மூடினால் நூலகர் நாற்காலியில் நான் உட்காரமாட்டேன் என்று சொல்லிவிட்டு வந்துவிட்டேன். வாய் கொழுப்புத்தான். ஆனால் சொன்னது சொன்னதுதான்.

நீங்களாக இருந்தால் எங்கே தேடுவீர்கள்? அதை மட்டும் எழுதுங்கள். வீட்டில் செல்விக்கு என் அன்பு.

இன்னும் கோபம் தீராத,
அக்னஸ்

*

கோவில்பட்டி
24 ஜனவரி 1998

மதிப்பிற்குரிய நூலகர் அவர்களுக்கு,

தங்கள் கடிதம் கிடைத்தது. சமோசா வீணாகவில்லை என்பதறிந்து மகிழ்ச்சி.

எங்கே தேடுவேன் என்று கேட்டிருக்கிறீர்கள். ஞாயிற்றுக்கிழமை தரியாகஞ்ச் நடைபாதையில் தேடுவேன். பழைய புத்தகக்காரர்கள் சாக்கு விரித்துப் போட்டிருப்பார்களே, அதில் நம் கல்லூரி முத்திரையோடு பாதி விலைக்குக் கிடைக்கும். பேரம் பேசி வாங்குங்கள்.

என் மகள் சிந்துவின் கல்யாணத்துக்கு மூன்று வாரம் லீவு போட்டேன். திரும்பி வந்து பார்த்தால் நான் காவல் காத்த கதவு ஆவென்று திறந்து கிடக்கிறது. உள்ளே பையன்கள் தரையில் உட்கார்ந்து காலை நீட்டிக்கொண்டு படிக்கிறார்கள். என்னிடம் ஒரு வார்த்தை கேட்கத் தோன்றவில்லை. கல்யாண வீட்டுக்குப் போன் பண்ணினேன் என்பீர்கள். தாலி கட்டும் நேரத்தில் போன் பண்ணினால் யார் எடுப்பார்கள்? கல்லூரி இயக்குநர் அவசரப்படுத்தினார் என்றும் சொல்வீர்கள். அவசரப்படுத்துவதுதான் இயக்குநர்களின் தொழில்.

இங்கே புதிதாகத் தொடங்கிய பொறியியல் கல்லூரியில் நான்தான் நூலகர். கண்ணாடி பீரோக்கள், தேக்கு மேஜைகள், சுற்றிலும் மின்விசிறிகள். எல்லாப் புத்தகமும் புதுசு. சிலவற்றுக்கு நெகிழித்தாள் உறைகூடப் பிரிக்கவில்லை. பொங்கலுக்கு முன் நானும் இருப்புச் சரிபார்த்தேன். ஒன்றுகூடத் தொலையவில்லை. தாளாளர் எனக்குப் பொன்னாடை போர்த்தினார்.

தங்கள் நாற்காலி தங்களுக்கே நிலைக்கட்டும்.

ரத்தினவேல்

*

லோதி ரோடு
8 பிப்ரவரி 1998

ரத்தினவேல் சாருக்கு,

'தங்கள்' 'தங்களுக்கே' என்று நீங்கள் எழுதியதைப் பார்த்ததும் கிழித்துப் போடலாமா என்றுதான் நினைத்தேன். என் மகள் ஜெனிஃபர் தடுத்தாள். "அம்மா, அங்கிள் என்ன எழுதியிருக்காரு, படிச்சுச் சொல்லேன்" என்றாள். தமிழ் படிக்கத் தெரியாத பிள்ளைக்கு உங்கள் நக்கலை எப்படி மொழிபெயர்ப்பது? "குஸ்ஸே மே ஹை" என்று சொல்லி வைத்தேன். கோபமாக இருக்கிறார் என்றதும், "அப்போ நம்ம மேலே பாசம்தான்" என்றாள். அவளுக்கு எங்கிருந்துதான் வருகிறதோ.

தரியாகஞ்சுக்கும் போனேன், தெரியுமா? பனியில் ஸ்வெட்டருக்கு மேல் சால்வையைப் போர்த்திக்கொண்டு, ஜெனிஃபரையும் இழுத்துக்கொண்டு இரண்டு ஞாயிற்றுக்கிழமை அலைந்தேன். நம் முத்திரை போட்ட ஒரு புத்தகம்கூட இல்லை. ஒரு புத்தகக்காரர் பரிதாபப்பட்டு எங்களுக்கு டீ வாங்கிக் கொடுத்தார்.

இனி சொல்லப்போவதைப் பொறுமையாகப் படியுங்கள். போன வாரம் மழை. நாலாவது மாடியில் பழைய ரயில்வே அறிக்கைகள் இருக்கின்றனவே, யாரும் தொடாத வரிசை, அங்கே கூரை ஒழுகியது. நனைவதற்குள் தூக்கலாம் என்று நானே இரண்டு தடிமனான தொகுதிகளை உருவினேன். அவற்றுக்குப் பின்னால், சுவரை ஒட்டி, ஒரு புத்தகம் நின்றுகொண்டிருந்தது. அரசியல் கோட்பாடு. நம் காணாமல் போன பட்டியலில் முதல் பக்கத்தில் இருப்பது. திறந்து பார்த்தேன். நடுவில் வேர்க்கடலைத் தோல். வாடவில்லை, நொறுங்கவில்லை, முந்தின நாள் கொறித்தது. யாரோ தினமும் வந்து அதைப் படித்துவிட்டு, அடையாளத்துக்குத் தோலை வைத்து, மறுபடி ஒளித்துவிட்டுப் போகிறார்கள்.

நூலகத்துக்குள் வேர்க்கடலையா என்று எனக்குக் கோபம் வந்திருக்க வேண்டும். வரவில்லை சார். அதே தட்டில் ஈரம் படாத மூலையாகப் பார்த்துப் புத்தகத்தை அப்படியே வைத்துவிட்டு வந்தேன். மறுநாள் சாயங்காலம் போய்ப் பார்த்தால் வேர்க்கடலைத் தோல் ஓர் அத்தியாயம் தள்ளிப் போயிருந்தது. யார் என்று மறைந்திருந்து பார்க்க எனக்கு மனம் வரவில்லை.

அப்புறம் அங்கங்கே கையை விட்டுத் துழாவினேன். கால்நடைத் துறை அறிக்கைகளுக்குப் பின்னால் பொருளாதாரம் இரண்டு. தீயணைப்பு வாளிகளின் மரப்பெட்டிக்குள் வரலாறு ஒன்று. நாம் என்ன செய்தோம் பாருங்கள். இருக்க வேண்டிய இடத்தில் இல்லையென்றால் 'இல்லை' என்று எழுதிவிட்டு அடுத்த எண்ணுக்குப் போய்விட்டோம். அதுதானே நமக்குப் படித்துக் கொடுத்த முறை. அது கட்டடத்துக்குள்ளேயே வேறெங்காவது இருக்கும் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

இது திருட்டு இல்லை. எனக்கு நிச்சயமாகத் தெரிகிறது. ஆனால் அறுநூறையும் எப்படிக் கண்டுபிடிப்பேன்?

அக்னஸ்

*

கோவில்பட்டி
18 பிப்ரவரி 1998

அக்னஸ் அவர்களுக்கு,

நீங்கள் தரியாகஞ்சுக்கு நிஜமாகவே போவீர்கள் என்று நான் நினைக்கவில்லை. கோபத்தில் எழுதியது அது. உங்களுக்கு அந்தக் குளிர் ஆகாது என்று செல்வி என்னைத் திட்டினாள்.

வேர்க்கடலை விஷயம் என்னைத் தூங்கவிடவில்லை. அந்த ரயில்வே அறிக்கைகளை நான்தான் அங்கே கொண்டுபோய் அடுக்கினேன். இனி இந்தப் பக்கம் ஓர் ஈ காக்கைகூட வராது என்று அன்றைக்கு நானே சொன்னேன். அந்த இடத்தைத் தேடிக் கண்டுபிடித்து ஒருத்தன் குடித்தனம் நடத்துகிறான் என்றால் அவன் சாமானியன் இல்லை.

ஆனால் ஊழியர்களை வைத்துத் தேடினால் மார்ச்சுக்குள் முடியாது. நாலு மாடி. ஒவ்வொரு வரிசையையும் வெளியே எடுத்துப் போட்டு, துடைத்து, அடுக்க வேண்டும். தேடி முடித்த வரிசையிலேயே மறுநாள் இன்னொருத்தன் வந்து ஒளிப்பான். என் யோசனை இதுதான். நல்லசிவத்தை நிறுத்தி அந்த வேர்க்கடலைக்காரனைப் பிடியுங்கள். ஒருத்தனைத் தண்டித்து நோட்டீஸ் போர்டில் பெயரைப் போட்டால் மற்றவர்கள் தானாக எடுத்து வைப்பார்கள்.

என் பொன்னாடைக் கதையின் மீதியையும் சொல்லிவிடுகிறேன். போன வாரம் கல்லூரி அங்கீகாரத்துக்கான ஆய்வுக் குழு வந்தது. அதற்கு முந்தின நாள் தாளாளரின் இன்னொரு கல்லூரியிலிருந்து ஒரு லாரி புத்தகம் வந்து இறங்கியது. அவற்றின் மேல் எங்கள் கல்லூரிச் சீட்டை ஒட்டச் சொன்னார்கள். முடியாது என்றேன். வேறு ஆளை வைத்து ஒட்டினார்கள். குழு வந்தது, பீரோக்களைப் பார்த்து 'பிரமாதம்' என்றது, முந்திரிப்பருப்பு சாப்பிட்டுப் போனது. மறுநாள் லாரியும் போனது.

மிச்சமிருக்கும் புத்தகங்களை மாணவர்களுக்குக் கொடுக்கலாமா என்று கேட்டேன். "அடுத்த ஆய்வு வரைக்கும் அழுக்காகாம இருக்கட்டும் சார்" என்றார் தாளாளர். காலையில் பூட்டைத் திறந்து வைத்துக்கொண்டு உட்காருகிறேன். மாலையில் பூட்டிவிட்டு வீட்டுக்கு வருகிறேன். நடுவில் யாரும் வருவதில்லை. ஒன்றுகூடத் தொலையவில்லை என்று செல்வியிடம் பெருமையாகச் சொன்னேன். அவள் மாவு சலித்துக்கொண்டே, "ஒருத்தரும் உள்ள வரலன்னா எப்படிங்க தொலையும்?" என்றாள்.

வேர்க்கடலைத் தோல் இப்போது எந்த அத்தியாயத்தில் இருக்கிறது?

ரத்தினவேல்

*

லோதி ரோடு
9 மார்ச் 1998

அன்புள்ள ரத்தினவேல் சார்,

உங்கள் யோசனைப்படி நான் செய்யவில்லை. திட்டாதீர்கள், முழுக்கப் படித்துவிட்டுத் திட்டுங்கள்.

போன திங்கட்கிழமை வாசலில் ஆங்கிலத்திலும் இந்தியிலும் ஒரு நோட்டீஸ் ஒட்டினேன். 'இந்த நூலகத்தில் புத்தகத்தை ஒளித்து வைத்தவர்கள் சனிக்கிழமை காலை வந்து, ஒளித்த இடத்திலிருந்து எடுத்து மேஜையில் வைக்கலாம். பெயர் கேட்கமாட்டோம். அபராதம் இல்லை. அன்று ஊழியர் யாரும் அடுக்குப் பக்கம் வரமாட்டோம். புத்தகங்கள் கிடைக்காவிட்டால் இந்தக் கதவு மூடப்படும்.' இவ்வளவுதான். ராமமூர்த்தி சார் படித்துவிட்டு, "திருடனைக் கூப்பிட்டு விருந்து வைக்கறேளா, மேடம்?" என்றார். "சாட்சிக்கு நீங்களும் வந்து உட்காருங்க சார்" என்றேன். வருகிறேன் என்று சொல்லிவிட்டார்.

சனிக்கிழமை. ஊழியர் எல்லோரும் கவுன்டருக்குப் பின்னால் உட்கார்ந்திருந்தோம். அங்கிருந்து பார்த்தால் அடுக்குகளுக்குள் யாருடைய முகமும் தெரியாது. கீழ்த்தட்டுக்கு அடியில் கால்களும், புத்தகங்களுக்கு இடையே கைகளும்தான் தெரியும். திறந்து வைத்து வெகுநேரம் வரை ஒருவரும் வரவில்லை. ராமமூர்த்தி சார் கடிகாரத்தைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி கடிகாரத்தைப் பார்த்தார். நான் மடியில் ஜெபமாலையை உருட்டிக்கொண்டிருந்தேன். மாதாவே, ஒரே ஓர் ஆளையாவது அனுப்பு என்று வேண்டினேன்.

பச்சைச் சால்வை போர்த்திய ஒரு பெண் வந்தாள். யாரையும் ஏறிட்டுப் பார்க்கவில்லை. நேராக மாடிப்படி ஏறினாள். தயக்கமே இல்லை, நம் வீட்டு அலமாரியில் உப்பு டப்பாவை எடுக்கப் போவோமே, அப்படி. எங்கோ ஒரு தொகுதியை இழுக்கும் சத்தம் கேட்டது. இறங்கி வந்து மேஜையில் மூன்று புத்தகங்களை வைத்துவிட்டு வெளியே போய்விட்டாள். அடுத்து ஒரு பையன் வந்தான். அடுத்து இரண்டு பேர். அப்புறம் வாசலில் வரிசை நின்றது சார்! நம் நூலகத்து வாசலில், சனிக்கிழமை, வரிசை!

கால்கள் மட்டும் போய்க்கொண்டிருந்தன. கோலாப்பூர்ச் செருப்பு, கான்வாஸ் ஷூ, ஹவாய்ச் செருப்பு. ஒவ்வொரு ஜோடிக் காலும் எங்கே போக வேண்டும் என்று தெரிந்து போனது. எங்கெல்லாம் போயின தெரியுமா? பாலி மொழி உரைகளின் மேல்தட்டுக்கு. உடைந்த மேஜைகள் போட்டிருக்கும் மாடிப்படியின் அடிக்கு. அரசிதழ் மூட்டைகளுக்குள்ளே. நீங்கள் கழித்துக்கட்ட வைத்திருந்த பழைய தொலைபேசிப் புத்தகங்களின் குவியலுக்கு. ஒரு பையன் முக்காலி போட்டு ஏறி, மின்விசிறி ரெகுலேட்டர் பெட்டிக்கு மேலிருந்து சட்டத்துறைப் புத்தகம் ஒன்றை எடுத்தான். பதினாறு வருஷமாக அந்தக் கட்டடத்தை எனக்குத் தெரியும் என்று நினைத்துக்கொண்டிருந்தேன். எனக்கு ஒன்றுமே தெரியாது. நாம் எண் போட்டு அடுக்கிய நூலகத்துக்குள், அவர்கள் தங்களுக்கென்று இன்னொன்று அடுக்கியிருக்கிறார்கள். அதற்கு அட்டை கிடையாது, எண் கிடையாது. இத்தனை தலைக்குள் பிரித்துப் பிரித்து வைத்திருக்கிறார்கள். நான் வாயைப் பிளந்துகொண்டு உட்கார்ந்திருந்தேன்.

நம் பொன்னி இருக்கிறாளே, மதராசி கேம்ப் குடிசைகளிலிருந்து பெருக்க வருகிறவள், அவள் துடைப்பத்தை மறந்துவிட்டு என் நாற்காலிக்குப் பின்னால் நின்று பார்த்துக்கொண்டிருந்தாள். "அக்கா, எங்க மதராசி கேம்ப் மாரியம்மனுக்கு வேண்டுதல் செலுத்த வர்ற மாதிரி வருதுங்க புள்ளைங்க. ஒண்ணாவது வாயத் தொறக்குதா பாருங்க" என்று கிசுகிசுத்தாள்.

மத்தியானத்துக்குள் வாசிப்பு அறை மேஜைகள் நிரம்பிவிட்டன. தரையில் பெட்ஷீட் விரித்து அடுக்கினோம். அப்போது ராமமூர்த்தி சார் எழுந்தார். பாத்ரூம் போகிறார் என்று நினைத்தேன். அகராதிகள் இருக்கும் மூலைக்குப் போனார். கனமான ஒரு லத்தீன் அகராதியை நகர்த்திவிட்டு அதன் பின்னாலிருந்து இரண்டு புத்தகங்களை எடுத்தார். தூசியைத் தட்டி, எங்கள் எல்லோர் கண்ணெதிரேயும் மேஜையில் வைத்துவிட்டு, தன் இடத்தில் வந்து உட்கார்ந்தார். காது மட்டும் சிவந்திருந்தது. நல்லசிவம் சிரிப்பை அடக்க முடியாமல் கவுன்டருக்குக் கீழே குனிந்து எதையோ தேடுகிற மாதிரி பாவனை செய்தார்.

மாலையில் பட்டியலை எடுத்து ஒத்துப் பார்த்தோம். கொஞ்சம்தான் மிச்சம். அவை நிஜமாகவே போயிருக்கலாம். வந்தவற்றில் அநேகமாக எல்லாமே ஒற்றைப் பிரதி. கடைசியாக வந்த ஒரு பையன் பயந்து பயந்து என்னிடம் வந்தான். "மேடம் ஜி, எங்க கிளாஸ்ல நாப்பது பேர், புஸ்தகம் ஒண்ணு. ஒளிச்சு வெக்காம வேற என்ன பண்றது?" என்று இந்தியில் கேட்டான். இரண்டாவது பிரதி வாங்க வேண்டும் என்று நாம் இரண்டு பேரும் எத்தனை தரம் எழுதியிருப்போம்? படிக்கிறார்கள் என்பதற்கு என்ன ஆதாரம் என்று ஒவ்வொரு தடவையும் திருப்பி அனுப்பினார்களே? ஆதாரம் முழுக்க இப்போது பெட்ஷீட்டில் கிடக்கிறது.

அரசியல் கோட்பாடும் வந்துவிட்டது. அதை வைத்தது எந்தக் கை என்று நான் கவனிக்கவில்லை. கடைசி அத்தியாயத்தில் தோல் இருந்தது.

கமிட்டி முப்பதாம் தேதி கூடுகிறது. புத்தகம் கிடைத்துவிட்டால் போதுமா, மறுபடி ஒளிக்கமாட்டார்கள் என்று யார் உத்தரவாதம் கொடுப்பது என்று இயக்குநர் கேட்கிறார். எனக்குப் பயமாகத்தான் இருக்கிறது.

அக்னஸ்

*

கோவில்பட்டி
17 மார்ச் 1998

அன்புள்ள அக்னஸ்,

உங்கள் கடிதத்தைச் செல்விக்குச் சத்தமாகப் படித்துக் காட்டினேன். பாலி உரைகளின் மேல்தட்டு வரைக்கும் படித்தேன், அதற்கு மேல் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க வேண்டியதாயிற்று. மீதியை அவள் வாங்கிப் படித்தாள். ரெகுலேட்டர் பெட்டியின் மேலா! அங்கே இடம் இருப்பது எனக்கே தெரியாதே! நான் அங்கே இல்லாமல் போனேனே என்று இரண்டு நாளாக வயிறு எரிகிறது. அந்தக் கால்களை நானும் பார்த்திருக்க வேண்டும்.

ராமமூர்த்தியின் காது சிவந்ததை இன்னொரு தரம் எழுதுங்கள். ஒரு தரம் போதவில்லை.

கமிட்டிக்கு நேராகவே ஒரு கடிதம் பதிவுத் தபாலில் அனுப்பியிருக்கிறேன். அதில் எழுதியது இதுதான்: என் பழைய அறிக்கையைக் காட்டி நூலகரை மடக்குகிறீர்கள். அதை எழுதியவன் நான். புத்தகம் ஒளிக்கப்படாமல் இருக்க உத்தரவாதம் கேட்டால், ஒருவரும் படிக்க வராத நூலகத்தில்தான் அது கிடைக்கும், அப்படி ஒன்றில் நான் இப்போது உட்கார்ந்திருக்கிறேன், வந்து பாருங்கள். கதவைத் திறந்து வையுங்கள், ஒளிக்கப்பட்டவற்றில் இரண்டாவது பிரதி வாங்குங்கள். துணை நூலகராக இருந்தபோது கதவைப் பூட்டச் சொன்ன அதே ரத்தினவேல்தான் இதையும் சொல்கிறேன்.

என்னிடம் கேட்காமல் கதவைத் திறந்த கோபம் எனக்கு இன்னும் இருக்கிறது. அது வேறு கணக்கு, நேரில் பார்க்கும்போது தீர்த்துக்கொள்வோம்.

ரத்தினவேல்

*

லோதி ரோடு
2 ஏப்ரல் 1998

அன்புள்ள சார்,

கதவு திறந்தே இருக்கும்! கமிட்டி முடிவு செய்துவிட்டது!

உங்கள் கடிதத்தை இயக்குநர் எடுத்துப் படிக்கப் போனார். ராமமூர்த்தி சார் அவர் கையிலிருந்து வாங்கித் தானே எழுந்து நின்று படித்தார். 'ஒருவரும் படிக்க வராத நூலகத்தில்' என்ற இடம் வந்ததும் நிறுத்திவிட்டார். "ஒளிக்கப்பட்ட எல்லாத்துக்கும் இன்னொரு பிரதி வாங்கணும், நான் முன்மொழியறேன்" என்றார். மறுப்பே இல்லை. எனக்கு அழுகை வந்துவிட்டது, மூக்கைச் சிந்துகிற மாதிரி சமாளித்தேன்.

கம்பிக்கதவைக் கழற்றிப் பழைய இரும்புக்காரர் தூக்கிக்கொண்டு போய்விட்டார். பூட்டை மட்டும் உங்களுக்காக எடுத்து வைத்திருக்கிறேன். அனுப்பட்டுமா?

குளிர் போய்விட்டது. நம்மூர் இலவம்போல இங்கே செமல் மரங்கள் சிவப்பாய்ப் பூத்துக் கொட்டுகின்றன. உங்கள் மேஜை இன்னும் என் எதிரில்தான் இருக்கிறது. அதில் யாரையும் உட்கார விடவில்லை. உங்களைத் திரும்பி வரச் சொல்லவில்லை, அது உங்கள் இஷ்டம். ஆனால் மத்தியானம் டப்பாவைத் திறக்கும்போது எனக்கு ஒரு மாதிரி இருக்கிறது.

அக்னஸ்

*

கோவில்பட்டி
19 செப்டம்பர் 1998

அன்புள்ள அக்னஸ்,

இத்தனை மாதம் பதில் எழுதாததற்குக் காரணம் இருக்கிறது. சொல்லத் தகுந்தது ஏதாவது நடக்கட்டும் என்று காத்திருந்தேன். பூட்டு வேண்டாம், இங்கே பீரோவுக்கு ஒன்றாக வேண்டிய அளவு இருக்கிறது.

ஜூனில் தாளாளரிடம் போனேன். பீரோவைப் பூட்டியே வைத்தால் காற்றோட்டம் இல்லாமல் பூச்சி அரிக்கும், அடுத்த ஆய்வுக்குள் புத்தகமெல்லாம் தூளாகிவிடும் என்றேன். மனுஷன் அரண்டுவிட்டார். "தொறந்து வைங்க சார், நல்லா தொறந்து வைங்க" என்றார். பாதி உண்மைதான், பாவமில்லை.

திறந்து வைத்தும் யாரும் வரவில்லை. பையன்கள் வாசல் வரை வருவார்கள், செருப்பைக் கழற்றுவதா வேண்டாமா என்று தயங்குவார்கள், என் முகத்தைப் பார்த்துவிட்டுப் போய்விடுவார்கள். என் முகம் அப்படி என்று செல்வி சொன்னாள். அதனால் நான் என் மேஜையைத் தூக்கிக் கொண்டுபோய்த் தூணுக்குப் பின்னால் போட்டுக்கொண்டேன். ஜூலை முழுக்க ஒருவருமில்லை. ஆகஸ்டில் இயந்திரவியல் முதலாண்டுப் பெண்கள் இரண்டு பேர் வந்தார்கள். பேசாமல் நின்று ஒரு புத்தகத்தின் நெகிழித்தாள் உறையைப் பிரித்தார்கள். அந்தச் சத்தம் கேட்டு எனக்கு எழுந்து போய்ப் பார்க்க வேண்டும் போலிருந்தது. அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அப்புறம் நாலு பேர், எட்டுப் பேர். இப்போது சாயங்காலம் நாற்காலி போதவில்லை.

நேற்று காலை வழக்கம்போல் ஒரு சுற்றுப் பார்த்தேன். இயந்திர வரைபடப் புத்தகம் ஒன்று தட்டில் இல்லை. யார் பெயரிலும் வெளியே போகவும் இல்லை. அக்னஸ், ஒவ்வொரு வரிசையாகக் கையை விட்டுத் துழாவினேன். தாளாளரின் அப்பாவுக்குப் போட்ட பொன்விழா மலர் நூறு பிரதி கடைசி பீரோவில் அடுக்கியிருக்கிறது. அதைத் தொட எந்த மனுஷனுக்கும் தோன்றாது. அதன் பின்னால், சுவரை ஒட்டி, நின்றுகொண்டிருந்தது. நடுவில் கடலைமிட்டாய் சுற்றிய தாள்.

எவ்வளவு நேரம் அங்கே நின்றேன் என்று தெரியவில்லை. யாராவது பார்த்திருந்தால் கிழவனுக்கு நெஞ்சுவலி என்று ஓடி வந்திருப்பார்கள். எங்கள் நூலகத்தில் ஒரு புத்தகம் ஒளித்து வைக்கப்பட்டிருக்கிறது! யாருக்கோ அது இன்னொருவர் கைக்குப் போய்விடக்கூடாது என்று இருந்திருக்கிறது! நான் கண்ணைத் துடைத்துக்கொண்டு, மலர்களைப் பழையபடியே அதன் முன்னால் அடுக்கிவிட்டு, என் மேஜைக்கு வந்து இரண்டாவது பிரதிக்கு எழுதிப் போட்டேன்.

டிசம்பரில் செல்வியோடு தில்லிக்கு வருகிறேன். டப்பாவில் எனக்கும் சேர்த்து வையுங்கள். இப்போது இதை முடிக்கிறேன், கல்லூரி திறக்கும் நேரமாகிறது. அந்தத் தாள் எந்தப் பக்கத்துக்குப் போயிருக்கிறது என்று போய்ப் பார்க்க வேண்டும்.

ரத்தினவேல்